துறைமுகமும் மின் நிலையமும் வந்தால் மீனவர்களுக்கும் வேலை கிடைக்குமே, ஏன் எதிர்க்கிறார்கள்?

நீங்கள் கடலோரத்தில் வளர்ந்தவர் இல்லை என்று நினைக்கிறேன். நான் எண்ணூர்க் கழிமுகத்தை ஒட்டிய குப்பத்துக்காரன். என் அப்பாவுக்கு வேலை ஏற்கெனவே இருந்தது.

கொசஸ்தலை ஆறு கடலில் சேரும் இடம் அது. அங்கே 'பாடு' என்று ஒரு வழக்கம் உண்டு. எந்த நாளில் எந்த இடத்தில் யார் வலை போடுவது என்று ஊர் கூடிப் பேசி முறை வைத்துக்கொள்ளும். இருக்கிறவன், இல்லாதவன் எல்லாருக்கும் முறை வரும். "நாளைக்கு நம்ம பாடு" என்று அப்பா சொன்னால் அம்மா அன்றைக்குச் சீக்கிரம் படுத்துவிடுவார். விடிந்ததும் இறால் கூடையோடு சந்தைக்கு ஓட வேண்டுமே.

அப்புறம் சாம்பல் வந்தது. அனல்மின் நிலையச் சாம்பலைத் தண்ணீரில் கரைத்து அனுப்பும் குழாய் உடைந்தால் எல்லாம் ஆற்றில்தான். ஒருநாள் அப்பா அடியிலிருந்து ஒரு பிடி சேறு அள்ளிக் காட்டினார். சிமெண்ட் குழைத்தது போல இருந்தது, ஒரு புழுகூட இல்லை. "இதுல இறால் என்னத்தைத் தின்னும்?" என்றார்.

2017 ஜனவரியில் எண்ணூரில் இருக்கும் காமராஜர் துறைமுகத்துக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மறுபடி எண்ணெய், இந்த முறை ஆற்றுக்குள்ளேயே. மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்தும் எங்கள் வலையில் பிசுக்குப் போகவில்லை. அம்மாவிடம் மீனை எடுத்து மோந்து பார்த்து, "எண்ணூர் மீனா?" என்று கேட்டுவிட்டுத் திரும்பப் போட்டார்கள்.

"நீயும் மின்சாரத்தில்தானே போன் சார்ஜ் போடுகிறாய்" என்று யாராவது வருவார்கள். ஆமாம். மின்சாரம் வேண்டாம் என்று நான் எங்கே சொன்னேன்? சாம்பலை ஆற்றில் விடாதீர்கள் என்றுதான் கேட்கிறோம்.

வேலையே தரவில்லை என்றும் சொல்ல மாட்டேன். சித்தப்பா மகனுக்கு ஒரு கம்பெனி கேட்டில் காவல் வேலை கிடைத்தது. ஒப்பந்தக்காரர் மாறினார், வேலையும் போய்விட்டது. பாடு முறையிலிருந்து அவனை யாரும் அப்படி நிறுத்தியதில்லை.

   

அப்பா இன்னும் பாடு நாளை காலண்டரில் வட்டம் போட்டு வைக்கிறார். போன பாடு நாளில் நாலு கெளுத்தியும் ஒரு நண்டும் கிடைத்தன.