பழைய வொலட்டைத் திறக்கப் போறீங்களா? கொஞ்சம் பொறுங்க

கேள்வி: அண்ணா, 2013ல எடுத்த பிட்கொயின் கொஞ்சம் பழைய லெப்டொப்ல கிடக்கு. லெப்டொப் இப்ப ஓன் ஆகுதில்ல. பம்பலப்பிட்டி யூனிட்டி பிளாசால குடுத்துப் பார்க்கவா?

பதில்: குடுங்க, ஆனா ஹார்ட் டிஸ்கை கழட்டி வீட்டுல வச்சிட்டு குடுங்க. லெப்டொப் செத்தாலும் டிஸ்க் நல்லா இருக்கலாம், ஒரு யூஎஸ்பி கேசிங் வாங்கி அதுக்குள்ள போட்டு வேற மெஷின்ல கொழுவுங்க, டிக் டிக் எண்டு சத்தம் வந்தா உடனே கழட்டிருங்க. பிட்கொயின் கோர் எண்ட வொலட் சொஃப்ட்வெயார் (பிட்கொயினோட சாவியை வச்சிருக்கிறது) பாவிச்சிருந்தா விண்டோஸ்ல ஆப்டேட்டா, ரோமிங், பிட்கொயின் எண்டு ஃபோல்டருக்குள்ள போனா வொலட்.டேட் (wallet.dat) எண்டு ஒரு ஃபைல் இருக்கும், சாவி அதுக்குள்ள தான். ஆப்டேட்டா மறைஞ்சிருக்கும், ஹிடன் ஃபைல்ஸ் காட்டச் சொல்லிட்டுத் தேடுங்க. முதல்ல ரெண்டு பென் டிரைவ்ல கொப்பி, பிறகு தான் மற்றது எல்லாம்.

கேள்வி: பாஸ்வேர்ட் மறந்துட்டன். பிழையா அடிச்சா லொக் ஆகுமா?

பதில்: வொலட்.டேட் ஆகாது. லெஜர் மாதிரி, சாவியை வைக்கிற சின்ன டிவைஸ் தான் மூணு தரம் பின் பிழைச்சா அழிச்சிரும். அந்த நேரம் பாவிச்ச பாஸ்வேர்ட் துண்டுகளை, பைக் நம்பர், பழைய ஃபோன் நம்பர் எல்லாம் தாள்ல எழுதுங்க, பிடிசி ரிக்கவர் எண்டு இலவச டூல் அதையெல்லாம் மாத்தி மாத்தி போட்டுப் பார்க்கும். நெட்டை கழட்டிட்டு ஓட்டுங்க.

கேள்வி: வொலட்டைத் திரும்ப எடுக்க தாள்ல எழுதி வச்ச 12 சொல்லுல ஒண்டு தண்ணி பட்டு அழிஞ்சிட்டு, டெலிகிராம்ல ஒருத்தர் 200 டொலர் தந்தா எடுத்துத் தாறன் எண்டுறார்.

பதில்: கள்ளன், புளொக் பண்ணுங்க. மிச்ச 11 சொல்லையும் அவருக்கு அனுப்பியிருந்தா இண்டைக்கே அந்தச் சொல்லைக் கண்டுபிடிச்சு காசை புது வொலட்டுக்கு மாத்துங்க, ஏனெண்டா இந்தச் சொல்லுகளை எடுக்கிற லிஸ்ட்ல மொத்தம் 2048 சொல்லு தான், ஒண்டு குறைஞ்சா செக்சம் (சொல்லுகள் ஒண்டோடொண்டு பொருந்துதா எண்டு பார்க்கிற கணக்கு) சரிவாறது சுமார் 128 தான் மிஞ்சும், அதை நீங்க தேடினாலும் நிமிஷக் கணக்கு தான் அவர் தேடினாலும் அப்பிடித்தான். முதல் நாலு எழுத்து தெரிஞ்சாலே சொல்லு எது எண்டு பிடிக்கலாம்.

கேள்வி: சொல்லு எல்லாம் சரி, பேலன்ஸ் சைபர்.

பதில்: பாத் மாறியிருக்கும், அதாவது அதே சொல்லுகள்ல இருந்து அட்ரஸ் உருவாக்கிற வழி, அதுக்கு ஒரு நம்பர் இருக்கு. பழைய அட்ரஸ் 1ல தொடங்கினா 44, 3ல எண்டா 49, பிசி1க்யூ (bc1q) எண்டா 84. எலக்ட்ரம் எண்ட வொலட் சொஃப்ட்வெயார்ல, சொல்லு போடுற இடத்தில பிப்39 (BIP39, இந்தச் சொல்லு முறையோட பேர்) தெரிவு செஞ்சா இருக்கிற எக்கவுண்டை தானா தேடச் சொல்ல ஒரு பட்டன் இருக்கு. அப்பவும் சைபர் எண்டா சொல்லுகளுக்கு மேலதிகமா ஒரு பாஸ்ஃப்ரேஸ் (நீங்களே சேர்க்கிற ரகசியச் சொல்) வச்சீங்களா எண்டு யோசிங்க.