மலையில் இத்தனை அணைகள் இருந்தும் நமக்கு ஏன் நிலக்கரி?

மஸ்கெலியாவில் இருந்து ஒரு தம்பி இதைக் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி.

1950இல் லக்சபான நீர்மின் நிலையத்தில் தொடங்கிப் பல வருடங்கள் இலங்கையின் மின்சாரத்தில் பெரும்பகுதி நம் மலைத் தண்ணீரில்தான் ஓடியது. அதற்காகப் பழைய மஸ்கெலியா ஊரே மவுசாக்கலை அணையின் நீருக்குள் போனது. வறட்சியில் தண்ணீர் இறங்கினால் பழைய கோயில் இன்றும் வெளியே தெரியும். ஆனால் அந்தக் கோயில் தெரிகிற நாட்கள்தான் மின்சாரத்துக்கும் கெட்ட நாட்கள். 1996இல் மழை பொய்த்து நாடு முழுக்க நீண்ட மின்வெட்டு வந்தது. பெரிய ஆறுகளிலும் ஏற்கெனவே அணை கட்டியாயிற்று, தேவையோ ஏறிக்கொண்டே போனது.

அப்புறம்தான் சீனக் கடனில் நுரைச்சோலை நிலக்கரி மின்நிலையம். 2011இல் முதல் அலகு, இப்போது மூன்றும் சேர்த்து 900 மெகாவாட். எண்ணெயை விட நிலக்கரி மலிவு என்பதே வாதம். சரி, ஆனால் இலங்கையில் நிலக்கரியே கிடையாது. ஒவ்வொரு கப்பலுக்கும் டொலர் வேண்டும். தென்மேற்குப் பருவத்தில் கடல் கொந்தளிப்பதால் இறக்கவும் முடியாது, முன்கூட்டியே வாங்கிக் குவிக்க வேண்டும். 2022இல் டொலர் தீர்ந்தபோது, எண்ணெயும் இல்லாமல், அணைகளிலும் நீர் குறைந்து, மின்வெட்டு 13 மணிநேரம் வரை போனது.

தேயிலை ஸ்டோரில், அதாவது தொழிற்சாலையில், கொழுந்தைக் காயவைக்கிற சூட்டுக்கு விறகு போதும். வாட்டுகிற காற்றாடிக்கும் அரைக்கிற உருளைக்கும் மின்சாரம் வேண்டும். அது நின்றால் தட்டிலேயே கொழுந்து சூடேறிச் சிவந்துவிடும். நிலக்கரி வாங்குகிற அந்த டொலரைச் சம்பாதிப்பதில் ஒரு பங்கு அதே கொழுந்து, அதைப் பறிக்கிற நம் அக்காமார்.