டோக்கியோவிலிருந்து வழிகாட்டியோடு ஒரே நாளில் நிக்கோ போய் வரலாமா?

கேட்டவருடைய நிலைமை இது: ஊரிலிருந்து பெற்றோர் டோக்கியோவுக்கு வருகிறார்கள். நிக்கோவின் கோயில்களையும் மலையையும் அருவியையும் காட்ட வேண்டும். வழிகாட்டியோடு போகும் பஸ் டூரில் பணம் கட்டலாமா, ரயிலேறித் தாங்களே போய்விடலாமா?

பெற்றோர் கூட இருக்கிறார்கள் என்றால் டூரிலேயே போங்கள். ஆனால் அக்டோபர் கடைசியிலும் நவம்பர் தொடக்கத்திலும் வரும் சனி ஞாயிறு என்றால் டூரும் வேண்டாம், ரயிலும் வேண்டாம். ஒரு செவ்வாய்க்கிழமைக்கு மாற்றிக்கொள்ளுங்கள். ஏன் என்று சொல்கிறேன்.

நான் டோக்கியோவில் நிஷி கசாயில் இருக்கிறேன். நிக்கோவுக்கு இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை தனியாக, அசகுசாவிலிருந்து தோபு ரயிலில். இரண்டாம் முறை அம்மாவையும் ஒன்பது வயது மகனையும் அழைத்துக்கொண்டு பஸ் டூரில். முதல் முறை போனபோது தோஷோகு கோயிலிலேயே மதியம் இரண்டு மணி ஆகிவிட்டது. ஏரிக்குப் போகும் டவுன் பஸ்ஸுக்கு நின்ற வரிசையைப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிவிட்டேன். பலரும் செய்கிற தவறு இதுதான். நிக்கோ என்பது ஒரு இடமல்ல, இரண்டு. கீழே கோயில்கள். மேலே, கடல் மட்டத்திலிருந்து 1,269 மீட்டர் உயரத்தில் சூசென்ஜி ஏரியும் அதன் தண்ணீர் 97 மீட்டர் விழும் கெகோன் அருவியும். இரண்டையும் இணைப்பது ஒரு மலைப்பாதை. டூருக்குக் கொடுக்கும் காசு பெரும்பாலும் அந்தப் பாதைக்குத்தான் என்பது என் கணக்கு. வழிகாட்டியின் விளக்கம் கூடுதல் லாபம்.

அந்த லாபத்தையும் குறைத்துச் சொல்லிவிட முடியாது. எங்களுக்கு வந்தவர் அறுபது வயதுக்கு மேல் இருக்கும் ஒரு அம்மா. சின்ன மஞ்சள் கொடி, நிதானமான ஆங்கிலம், எல்லாருக்கும் காதில் மாட்டிக்கொள்ள ஒரு ரேடியோ. ரயிலில் போனபோது நான் நிமிர்ந்து பார்த்து, படம் எடுத்து, நகர்ந்துவிட்ட இடங்களிலெல்லாம் இவர் நிறுத்தினார்.

தோஷோகு, ஜப்பானை ஆண்ட ராணுவத் தலைவரான ஷோகன் தொகுகவா இயேயசுவைத் தெய்வமாக வைத்து, ஜப்பானின் பூர்வீக மதமான ஷிண்டோ முறையில் கட்டிய கோயில். அவர் இறந்தது 1616இல். முதலில் ஷிசுவோகா பக்கம் குனோசான் மலையில் அடக்கம் செய்துவிட்டு, அடுத்த ஆண்டு இங்கே கொண்டுவந்தார்கள். இன்று நாம் பார்க்கும் கட்டடங்களில் பெரும்பாலானவை பேரன் இயெமிட்சு 1636இல் கட்டி முடித்தவை. ஜப்பானியக் கோயில் என்றால் வெறும் மரமும் கூழாங்கல்லும் அமைதியும் என்று நினைத்துப் போனால் இங்கே திகைத்துப் போவீர்கள். தங்கம், நீலம், பச்சை, டிராகன், மயில், முனிவர்கள் என்று இண்டு இடுக்கு விடாமல் சிற்பம். யோமெய்மோன் வாசலில் மட்டும் ஐந்நூறுக்கு மேல். பொழுது சாயும்வரை பார்த்தாலும் அலுக்காத வாசல் என்று அதற்கு ஒரு செல்லப்பெயரும் உண்டு. நம் கோபுரங்களைப் பார்த்துப் பழகிய அம்மா, டோக்கியோ வந்த பிறகு முதல் முறையாக, "இது கோயில் மாதிரி இருக்கு" என்றார்.

அந்த வாசலின் பன்னிரண்டு தூண்களிலும் சுருள் சுருளாக ஒரு செதுக்கல் ஓடுகிறது. ஒரே ஒரு தூணில் மட்டும் அது தலைகீழாக இருக்கும். செதுக்கியவரின் பிசகு இல்லை. முழுமையடைந்த எதுவும் அந்த நொடியிலிருந்து சரியத் தொடங்கும் என்பதால் வேண்டுமென்றே விட்ட குறை. வழிகாட்டி இதை ஐந்து நிமிடம் விளக்கினார். நான் அம்மாவிடம் இரண்டே சொல்லில் முடித்தேன்: திருஷ்டிப் பொட்டு.

மூன்று குரங்குகள் எல்லாருக்கும் தெரியும். கண்ணை, காதை, வாயைப் பொத்தியவை. அவை இருப்பது தெய்வக் குதிரையின் லாயத்துச் சுவரில் என்பதும், அது எட்டுப் பலகைகள் கொண்ட தொடர்கதையில் இரண்டாவது பலகை மட்டுமே என்பதும் எனக்கு அன்றுதான் தெரிந்தது. குழந்தைப் பருவத்தில் தொடங்கி, தனியாக நிற்பது, தோற்பது, காதல், கல்யாணம், பிள்ளைப்பேறு என்று குரங்குகளை வைத்து ஒரு ஆயுளைச் சொல்கிறார்கள். கூட்டம் முழுக்க இரண்டாவது பலகையின் கீழேதான் நெருக்கியடிக்கும். நீங்கள் முதல் பலகைக்குப் போங்கள், காலியாகவே இருக்கும். ஒரு தாய்க் குரங்கு கையை நெற்றியில் வைத்துத் தொலைவில் எதையோ பார்க்கிறது. குட்டி அதன் முகத்தையே நிமிர்ந்து பார்க்கிறது. குட்டியின் எதிர்காலத்தைத் தாய் பார்க்கிறாளாம். மஞ்சள் கொடி நகர்ந்த பிறகும் அம்மா அங்கேயே நின்றிருந்தார். கையைப் பிடித்து இழுக்க வேண்டியதாயிற்று. டூரின் பெரிய குறையும் இதுதான், நிற்கத் தோன்றும் இடத்தில் நிற்க முடியாது.

அதே முற்றத்தில் மேல் பண்டகசாலையின் முகப்பில் இரண்டு யானைகள். வடிவம் கொடுத்த ஓவியர் கானோ தன்யு யானையையே பார்த்ததில்லை. கேள்விப்பட்டதை வைத்து வரைந்தார். "கற்பனை யானை" என்றே ஜப்பானியர்கள் அழைக்கிறார்கள். காதும் வாலும் எந்த மிருகத்துடையவையோ தெரியவில்லை. கோயில் யானையிடம் தும்பிக்கையால் ஆசி வாங்கி வளர்ந்தவர்கள் பார்க்க வேண்டிய காட்சி. என் மகன் விழுந்து விழுந்து சிரித்தான்.

சிரிப்பை நிறுத்தியது யகுஷி மண்டபம். புத்த வழிபாட்டு மண்டபம், ஷிண்டோ கோயில் வளாகத்துக்குள்ளேயே இருக்கிறது. முன்பு இரண்டும் கலந்தே இருந்தன. 1868இல் மெய்ஜி அரசு ஆணை போட்டுப் பிரித்தபோதும் இந்த மண்டபம் இங்கேயே நின்றுவிட்டது. இப்போது ஒரே காட்டுக்குள் தோஷோகு, ஃபுதராசன் என்று இரண்டு ஷிண்டோ கோயில்களும் ரின்னோஜி என்ற புத்த மடமும் தனித்தனி நிர்வாகமாக இருக்கின்றன. 1999இல் மூன்றையும் சேர்த்தே உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தார்கள். யகுஷி மண்டபத்தின் கூரையில் ஒரு பெரிய டிராகன். பழைய ஓவியம் 1961 தீயில் போய்விட்டது, இது பிறகு வரைந்தது. துறவி ஒருவர் இரண்டு மரக்கட்டைகளோடு நிற்பார். டிராகனின் தலைக்குக் கீழே இல்லாத இடத்தில் ஒரு தட்டு: டக், அவ்வளவுதான். நாலடி நகர்ந்து தலைக்கு நேர் கீழே நின்று அதே தட்டு. கூரையிலிருந்து கிணிகிணிகிணி என்று மணிச்சரம் உதிர்வதுபோல ஒரு ஒலி இறங்கி, சில நொடிகள் நின்று, தேய்ந்தது. கூரைக்கும் தரைக்கும் நடுவே ஒலி மோதி மோதித் திரும்புவதால் அப்படி. உள்ளே போக செருப்பைக் கழற்ற வேண்டும், தரை பனிக்கட்டி. பெற்றோருக்கு மொத்தமான சாக்ஸ் போட்டுவிடுங்கள்.

இனி முக்கியமான எச்சரிக்கை: படிகள். வளாகம் முழுவதும் உயரம் உயரமான கல் படிகள். இயேயசுவின் சமாதிக்குப் போக இன்னும் 207. முட்டி வலி உள்ளவர்கள் சமாதியை மறந்துவிடலாம், அங்கே இருப்பது வெண்கலத்தில் ஒரு சிறிய கோபுரம்தான். அந்தப் படிகள் தொடங்கும் வழியின் மேல்தான் புகழ்பெற்ற தூங்கும் பூனை இருக்கிறது. இரண்டு கையைச் சேர்த்து வைத்தால் வரும் அளவுதான், நிமிர்ந்து பார்க்காவிட்டால் தவறிவிடும். நானும் மகனும் மேலே போய் வந்த அரைமணி நேரமும் அம்மா பூனை பக்கத்திலேயே காத்திருந்தார். இறங்கி வந்ததும், "பூனைக்குப் பின்னாடி பாத்தியா?" என்றார். பலகையின் பின்பக்கம் சிட்டுக்குருவிகள் விளையாடுகின்றன. பூனை தூங்குவதால்தான் குருவிக்கு அந்தச் சுகம். போர் ஓய்ந்த காலம் என்று அர்த்தம் சொல்கிறார்கள். இரண்டு முறை அந்த வழியாக ஏறி இறங்கியும் நான் பார்க்கவில்லை.

சாப்பாடு விஷயத்தில் கண்டிப்பாக இருங்கள். நிக்கோவின் விசேஷம் யுபா. சோயா பாலைக் காய்ச்சும்போது மேலே படியும் ஆடை. கியோட்டோவில் அதை ஒற்றையாக எடுப்பார்கள், இங்கே இரண்டாக மடித்து எடுப்பதால் தடிமன் அதிகம், மென்று சாப்பிட நன்றாக இருக்கும். பார்க்கச் சைவம்தான். ஆனால் அது மிதக்கும் சாறு பெரும்பாலும் உலர்ந்த மீன் போட்டுக் காய்ச்சியது. "வெஜிடேரியன்" என்று டூர்க்காரர்களிடம் எழுதினால் இறைச்சித் துண்டு மட்டும் காணாமல் போகும். "மீன் சாறும் கூடாது" என்று தனியாக எழுதிக் கேளுங்கள். நாங்கள் சாப்பாடு சேர்க்காத டிக்கெட் எடுத்து, அம்மா கட்டிய புளிசாதத்தை வழிகாட்டியிடம் கேட்டுவிட்டுப் பஸ்ஸிலேயே முடித்தோம். குப்பைத்தொட்டி எங்கும் கிடைக்காது, ஒரு பை கையில் இருக்கட்டும்.

மதியம் மலையேற்றம். இரோஹாசாக்கா என்ற அந்தப் பாதையில் 48 வளைவுகள், ஏற ஒரு வழியில் 20, இறங்க வேறு வழியில் 28. ஒவ்வொரு வளைவிலும் பழைய ஜப்பானிய அரிச்சுவடி வரிசையில் ஒரு எழுத்துப் பலகை. நம் கணக்கில் அ, ஆ, இ, ஈ மாதிரி. இங்கே பள்ளிக்குப் போகும் மகன் இ, ரோ, ஹா என்று கத்திக்கொண்டே வந்தான். பத்தாவது எழுத்து "நு". அந்தப் பலகைக்கு எதிரே பஸ் நின்றது, நின்றுகொண்டே இருந்தது. நாங்கள் போனது அக்டோபர் கடைசி ஞாயிறு. இலை சிவக்கும் பருவம், டோக்கியோவில் கார் வைத்திருப்பவர்கள் பாதிப்பேர் அந்த வளைவில்தான் இருந்தார்கள் என்று நினைக்கிறேன். முக்கால் மணிக்குள் முடிய வேண்டிய பாதைக்கு இரண்டரை மணி நேரம்.

விளைவு, ஏரிக்கரையில் நாற்பது நிமிடம் என்றிருந்தது முழுதாக ரத்து. கெகோன் அருவியில் இருபது நிமிடம். அருவிக்கு எதிரே கொண்டுபோய் நிறுத்தும் லிஃப்ட் ஒன்று உண்டு, பாறைக்குள் 100 மீட்டர் இறங்கும். அதன் வரிசையே அரைமணி நேரம் போலிருந்தது. மேலேயுள்ள இலவசத் தளத்திலிருந்து பார்த்துவிட்டு ஓடினோம். வழிகாட்டி மூன்று முறை தலை குனிந்து மன்னிப்புக் கேட்டார், அவர் மேல் ஒரு தவறும் இல்லை. எந்த ஞாயிறு எப்படி இருக்கும் என்று தெரிந்தும் அதே நேர அட்டவணையை விற்ற கம்பெனியின் மேல்தான் எனக்கு இன்னும் கோபம். பணம் திரும்பவில்லை. விதிமுறையில் "போக்குவரத்து நெரிசல்" என்று ஒரு வரி இருந்தது.

அதனால் முன்பதிவுக்கு முன்னால் ஒன்று மட்டும் பாருங்கள்: காலையில் முதலில் மலைமேல் போகிறார்களா, கோயிலுக்குப் போகிறார்களா? மேலே முதலில் போகிற டூர் நல்லது. கோயில் நவம்பர் முதல் மார்ச் வரை நான்கு மணிக்கே மூடிவிடும், மற்ற மாதங்களில் ஐந்து மணிக்கு. மூடுவதற்கு அரைமணி முன்பே உள்ளே விடுவதை நிறுத்திவிடுவார்கள். மே, ஜூன் மாத வார நாள் என்றால் எந்த வரிசையில் போனாலும் பிரச்சினை இல்லை. மேலே குளிர் அதிகம், கீழே சட்டையோடு திரிந்தவர்கள் அருவியில் ஜாக்கெட் தேடினார்கள்.

கூட யாருமில்லை, நின்று நிதானமாகப் பார்க்கிற ஆள் நீங்கள் என்றால் டூரே வேண்டாம். தோபு ரயில்வேயின் நான்கு நாள் பாஸ் ஏரிவரை பஸ்ஸையும் சேர்த்துத் தருகிறது. ஓர் இரவு தங்குங்கள். பஸ் டூர்கள் பெரும்பாலும் விட்டுவிடும் ரின்னோஜிக்குப் போங்கள். அங்கே பொன் பூசிய மூன்று பெரிய திருவுருவங்களில் ஒன்று குதிரைத் தலைக் கன்னோன். கன்னோன் என்றால் அவலோகிதேஸ்வரர் என்ற போதிசத்துவர், இந்த வடிவத்தின் சமஸ்கிருதப் பெயர் ஹயக்ரீவர்தான். நெருப்பு வளர்த்து அவர்கள் செய்யும் சடங்கின் பெயர் கோமா. நம் ஹோமம்தான் சீனா வழியாகப் போய்ச் சேர்ந்திருக்கிறது.

கடைசியாக, நான் டூரில் போனதற்கு வருத்தப்படாத காரணம். நெரிசலில் நின்றபோது பொழுதுபோக வழிகாட்டி ஊர்ப்பெயரின் கதையைச் சொன்னார். எதிரே நிற்கும் நந்தாய் மலையின் பழைய பெயர் ஃபுதரா. அதை எழுதும் எழுத்துகளை வேறு விதமாகப் படித்தால் நிகோ, அதுவே நிக்கோ ஆனது என்பார்கள். ஃபுதரா என்பதே "ஃபுதராகு"விலிருந்து வந்தது என்பார்கள், அதாவது அவலோகிதேஸ்வரர் வாழும் போதலகம், "இந்தியாவின் தெற்கே எங்கோ ஒரு மலை." எங்கோ இல்லை. சீன யாத்ரீகர் யுவான் சுவாங் ஏழாம் நூற்றாண்டில் தென்னிந்தியாவில் இருப்பதாக எழுதிய அந்த மலை நம் பொதிகைதான் என்று ஷு ஹிகோசகா என்ற ஜப்பானிய ஆய்வாளர் வாதிட்டிருக்கிறார். எப்போதோ படித்தது நினைவுக்கு வர, அம்மாவிடம் சொன்னேன். அம்மாவுக்குச் சொந்த ஊர் அம்பாசமுத்திரம், பொதிகையைப் பார்த்துக்கொண்டே வளர்ந்தவர். சன்னல் கண்ணாடியில் படிந்த ஆவியைப் புடவைத் தலைப்பால் துடைத்துவிட்டு, மேகத்துக்குள் பாதி மறைந்திருந்த மலையைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"நம்ம மலை இத்தன கூரா இருக்காது," என்றார்.