பாலையா சும்மாவா உட்கார்ந்திருந்தார்?

கேள்வி: 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியைப் பற்றி எழுதும்போதெல்லாம் டி.எஸ்.பாலையாவையும் சேர்த்தே புகழ்கிறீர்கள். அவர் சும்மாதானே உட்கார்ந்திருக்கிறார்? கதாநாயகனாக முடியாமல் துணை வேடத்தில் ஒதுங்கியவருக்கு இத்தனை பாராட்டு தேவையா?

பதில்: அந்தக் காட்சியைச் சத்தத்தை நிறுத்திவிட்டு ஒருமுறை பாருங்கள். நாகேஷை விட்டுவிட்டுப் பாலையாவின் முகத்தை மட்டும் கவனியுங்கள். பையன் என்னதான் சொல்கிறான், கேட்போம் என்று பெரிய மனிதத் தோரணையில் ஆரம்பிப்பார். சற்று நேரத்தில் நாகேஷ் போகும் பக்கமெல்லாம் கழுத்து திரும்பும். பிறகு கண் விரியும், உடம்பு குறுகும். அறைக்குள் பேய் கிடையாது. அது நமக்குத் தெரிவது பாலையாவின் கண்ணில் மட்டும்தான். எதிரில் இருப்பவர் முதலிலேயே முழுப் பயத்தையும் கொட்டிவிட்டால் காட்சி மேலே ஏற வழியில்லை. நடுவில் தானும் சிரிக்க வைக்கலாமென்று எதையாவது செய்தால் நாகேஷின் டைமிங் உடைந்துவிடும். இந்த இரண்டு தப்பும் நேராமல் அத்தனை நேரம் தாக்குப்பிடிப்பதற்குப் பெயர் சும்மா உட்கார்ந்திருப்பதா?

அதே படத்தில், முத்துராமன் பெரும் பணக்காரர் என்று நம்பியதும், "அசோகர் உங்க மகருங்களா?" என்று குழைவாரே, அதையும் பாருங்கள். குரல் இறங்குகிறது, முதுகு வளைகிறது. ஒரே வரியில் அந்த எஸ்டேட் முதலாளியின் பணத்தாசை முழுவதும் வெளியே வந்துவிடுகிறது.

ஒதுங்கினார் என்பதும் சரியல்ல. எம்.ஜி.ஆர். அறிமுகமான 'சதி லீலாவதி' (1936)தான் பாலையாவுக்கும் முதல் படம். அதில் நாயகன் எம்.கே.ராதாவைக் குடிக்கு இழுத்துவிடும் வில்லன் அவர். இருபது வருஷம் கழித்து 'மதுரை வீர'னிலும் (1956) எம்.ஜி.ஆருக்கு வில்லன், நரசப்பன். நடுவில் 'தூக்குத் தூக்கி'யில் (1954) கொச்சைத் தமிழ் பேசும் சேட். 'பாமா விஜயம்' (1967) வரும்போது மூன்று மகன்களுக்கும் மூன்று மருமகள்களுக்கும் நடுவே திண்டாடும் தகப்பன். வயது ஏற ஏற வில்லத்தனத்தைக் கழற்றி வைத்துவிட்டு அப்பா வேடத்துக்கும் நகைச்சுவைக்கும் நகர்ந்திருக்கிறார். 1972-ல் இறக்கும்வரை அவருக்கென்று ஓர் இடம் இருந்தது. அந்தக் காலத்துக் கதாநாயகர்களில் எத்தனை பேருக்கு அத்தனை வருஷம் நீடித்தது?

'திருவிளையாட'லில் (1965) ஹேமநாத பாகவதர் வேடத்துக்கு வருவோம். 'ஒரு நாள் போதுமா' பாலமுரளிகிருஷ்ணாவின் குரல். இப்படி ராகம் மாறி மாறிப் போகும் பாட்டுக்கு வாயசைப்பவர்கள் பெரும்பாலும் உதட்டோடு நின்றுவிடுவார்கள். சங்கதி (ஒரே வரியை வேறு வேறு நெளிவோடு பாடுவது) விழும் இடத்தில் கழுத்தும் தோளும் அசையாது, மூச்சு வாங்கும் இடம் தெரியாது, குரல் வேறு யாருடையதோ என்று காட்டிக் கொடுத்துவிடும். பாலையா கை, புருவம், தலையாட்டல் எல்லாவற்றையும் சேர்த்துப் பாடுகிறார். அதைவிட முக்கியமானது அந்தக் கர்வம். விறகு விற்ற படலத்தில், ஹேமநாதரோடு பாட்டில் மோத வேண்டிய பாணபத்திரருக்காகச் சொக்கநாதரே விறகு சுமந்து வர வேண்டியிருக்கிறது. எதிரே நிற்கும் பாகவதர் சாதாரண ஆளாகத் தெரிந்தால் இறைவன் இறங்கி வர வேண்டிய அவசியமே இல்லையே! பாலையா அவரைப் பெரியவராக்கிக் காட்டியதால்தான் சிவாஜியின் விறகுவெட்டிக்கு அந்த மதிப்பு.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) தவில்காரர் முத்துராக்கு இன்னொரு தினுசு. தவிலின் ஒரு பக்கம் விரல்களில் கூடு மாட்டி வாசிப்பது, மறுபக்கம் குச்சியால் அடிப்பது. வாசிக்கத் தெரியாத நடிகர் தன் கையையே பார்த்துக்கொண்டிருப்பார். நிஜத் தவில்காரரோ நாயனக்காரரின் முகத்தைப் பார்ப்பார். பாலையாவின் பார்வை நாயனக்காரர் சண்முகசுந்தரமாக வரும் சிவாஜியின் மீதுதான்.