"சப்ளையர் நாலு சான்றிதழ் அனுப்பிவிட்டார், போதாதா?": வாசகர் கேள்விகளும் பதில்களும்

சிங்கப்பூரில், ஜூரோங்கில் ஒரு நிறுவனத்தின் கொள்முதல் பிரிவில் 31 வருடம் இருந்தேன். கையுறை, பூட்ஸ், சீருடை, அட்டைப்பெட்டி என்று வாங்கிப் போட்டே தலை நரைத்துவிட்டது. இந்த மாதம் வந்த கடிதங்களில் மூன்றை எடுத்திருக்கிறேன். முதல் கடிதமே பெரும்பாலான இடத்தை அடைத்துக்கொண்டது. மற்ற இருவரும் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அக்கா, இங்கே உபி வட்டாரத்தில் சிறிய அளவில் சீருடை, டி-சர்ட் வியாபாரம் செய்கிறேன். ஆறு வருடமாகத் திருப்பூரில் ஒரே சப்ளையர். இப்போது என் பெரிய வாடிக்கையாளர், பங்குச்சந்தையில் உள்ள நிறுவனம், 58 கேள்விகள் கொண்ட படிவம் அனுப்பியிருக்கிறது. தொழிலாளர் நிலை, கழிவுநீர், கரிம வெளியேற்றம் என்று என்னென்னவோ கேட்கிறார்கள். சப்ளையரிடம் சொன்னேன். பத்தே நிமிடத்தில் வாட்ஸ்அப்பில் நாலு சான்றிதழ் வந்துவிட்டது. அதையே இணைத்து அனுப்பிவிடலாமா?
(உபி வாசகர்)

அனுப்புங்கள் தம்பி. ஆனால் அதோடு வேலை முடிந்தது என்று இருந்துவிடாதீர்கள்.

படிவம் ஏன் வந்தது என்றால், இங்கே பெரிய பங்குச்சந்தை நிறுவனங்கள் தங்கள் கட்டடத்து மின்சாரக் கணக்கைக் காட்டினால் மட்டும் இனிப் போதாது. அவர்கள் வாங்குகிற பொருளைச் செய்தபோது எவ்வளவு கரிமம் வெளியேறியது என்பதும் கணக்கில் வரத் தொடங்கியிருக்கிறது. சட்டை உங்களிடமிருந்து போகிறது. அதனால் கேள்வி உங்கள் வழியாகத் திருப்பூருக்குப் போகிறது. கோபப்பட ஒன்றுமில்லை.

சான்றிதழ் பொய் என்று நான் சொல்லவில்லை. ஆடிட்டர் வந்த அன்று, அவருக்குக் காட்டிய கட்டடத்தில், அவர் பார்த்தது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் கராச்சியில் அலி எண்டர்பிரைசஸ் ஆடைத் தொழிற்சாலை 2012 செப்டம்பரில் எரிந்து 250 பேருக்கு மேல் இறந்தபோது, தொழிலாளர் நிலை நன்றாக இருக்கிறது என்று சொல்லும் எஸ்ஏ 8000 சான்றிதழ் அதற்குக் கிடைத்துச் சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. வெளியேறும் கதவுகள் பூட்டியிருந்தன.

என் கதையையும் சொல்லிவிடுகிறேன். 2009இல் ஊழியர்களுக்குச் சட்டை வாங்க ஒரு தொழிற்சாலையை நானே போய்ப் பார்த்தேன். சுத்தமான கூடம், தீயணைப்புக் கருவி, குடிதண்ணீர், எல்லாம் சரி. முழு மதிப்பெண் போட்டேன். அப்புறம் எங்கள் மேலிடத்தில் லோகோவின் நிறத்தை மாற்றினார்கள். ஷிப்மென்ட்டுக்கு மூன்று வாரம் இருந்தது. "நிறம் மாறுகிறது, தேதி மாறாது" என்று இரண்டே வரியில் மின்னஞ்சல் அனுப்பினேன். சரக்கு சொன்ன தேதிக்கு வந்தது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

பெட்டிகளைப் பிரித்தபோது சிலவற்றில் மட்டும் காலர் தையல் வேறு மாதிரி இருந்தது. துருவிக் கேட்டதும் சப்ளையர் ஒப்புக்கொண்டார், பாதியை வெளியே ஜாப் ஒர்க்குக்குக் கொடுத்துவிட்டாராம். அடுத்த பயணத்தில் அந்த இடத்தைப் பார்த்தே தீருவேன் என்று அடம்பிடித்துப் போனேன். சந்துக்குள் தகரக்கூரை, 11 தையல் இயந்திரம், ஒரே கதவு, அந்தக் கதவையும் பாதி மறைத்தபடி துணி மூட்டை. திட்டுவதற்கென்றே போனவள் திட்டவில்லை. என் மூன்று வாரத்தில் அவர் வேறு என்ன செய்திருக்க முடியும்?

பங்களாதேஷில், டாக்கா பக்கம் சாவாரில் ஆடைத் தொழிற்சாலைகள் இருந்த ராணா பிளாசா கட்டடம் 2013 ஏப்ரல் 24 அன்று இடிந்து 1,134 பேர் இறந்தார்கள். முதல் நாளே விரிசலைப் பார்த்துவிட்டு அந்தக் கட்டடத்திலிருந்த வங்கியையும் கடைகளையும் மூடிவிட்டார்கள். தையல்காரர்களை மட்டும் மறுநாள் வேலைக்கு வரச்சொன்னார்கள். அந்தச் செய்தியைப் படித்தபோது என் இரண்டு வரி மின்னஞ்சல்தான் ஞாபகம் வந்தது.

அதனால் சான்றிதழைப் பார்ப்பதற்கு முன் உங்கள் ஆர்டரைப் பாருங்கள். அவரிடம் எத்தனை இயந்திரம், ஒரு நாளைக்கு எத்தனை சட்டை என்று கேளுங்கள். ஒரு நாளைக்கு 500 என்கிறார், நீங்கள் 10,000 சட்டையைப் பத்து நாளில் கேட்கிறீர்கள் என்று வையுங்கள். மீதி 5,000 எங்கே தைத்தாகிறது? 58 கேள்விப் படிவத்தில் இந்தக் கழித்தல் கணக்கு இருக்காது.

தையலுக்கு முன்னால் இருப்பதையும் விசாரியுங்கள். நூல் எந்த மில்லிலிருந்து வருகிறது? சுமங்கலித் திட்டம் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஏழை வீட்டுப் பெண்பிள்ளைகளை விடுதியில் தங்கவைத்து மூன்று வருடம் வேலை வாங்கி, கடைசியில் கல்யாணச் செலவுக்கென்று ஒரு தொகை தருவார்கள். நடுவில் நின்றுவிட்டால் பல இடங்களில் அதுவும் கிடைக்காது. தமிழ்நாட்டு நூற்பாலைகளில் நடந்த கதை இது. திருப்பூர் கூடம் எவ்வளவு பளபளப்பாக இருந்தாலும் நூல் வேறு மாவட்டத்து மில்லிலிருந்து வந்திருக்கலாம். "விடுதிப் பெண்கள் ஞாயிற்றுக்கிழமை வெளியே போக முடியுமா, கைப்பேசி வைத்துக்கொள்ளலாமா?" என்று சாதாரணமாகக் கேளுங்கள். பதில் வருவதற்கு ஆகும் நேரமே பாதி பதில்.

அடுத்தது சாயப்பட்டறை. சாயத் தண்ணீர் நொய்யல் ஆற்றில் கலந்து, ஒரத்துப்பாளையம் அணையில் தேங்கி, விவசாயிகள் நீதிமன்றத்துக்குப் போய், 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது. அதற்குப் பிறகு ஒரு சொட்டுக் கழிவுநீரும் வெளியே போகக் கூடாது என்ற விதியோடுதான் தொழில் நடக்கிறது. தண்ணீரைச் சுத்திகரித்துத் திரும்பப் பயன்படுத்தவும், மிஞ்சும் உப்பை வற்றவைத்துப் பிரிக்கவும் நிறையச் செலவாகும். ஆகவே, ஊரில் எல்லாரும் சொல்லும் விலையைவிட உங்கள் சப்ளையர் ரொம்பக் குறைத்துச் சொன்னால் சந்தோஷப்படாமல் சாயம் எங்கே போடுகிறார் என்று கேளுங்கள்.

கடைசியாக ஒன்று, உங்களுக்குப் பிடிக்காமல் போகலாம். அவருக்கு எத்தனை நாளில் பணம் கொடுக்கிறீர்கள்? சரக்கு வாங்கி 90 நாள் கழித்துப் பணம் கொடுத்துக்கொண்டு, அவருடைய தொழிலாளிக்குச் சனிக்கிழமை சம்பளம் ஒழுங்காகப் போகிறதா என்று படிவத்தில் டிக் போடச் சொல்வது நன்றாக இல்லை. நான் 30 நாளுக்கு மாற்றிய பிறகுதான் சப்ளையர்கள் என்னிடம் உண்மை பேசத் தொடங்கினார்கள். "அக்கா, இந்த மாதம் முடியாது" என்று முதல்முறையாக ஒருவர் சொன்னது அப்போதுதான். அதைக் கேட்கவே எனக்கு அத்தனை வருடம் ஆகியிருந்தது.

படிவத்தைப் பொறுத்தவரை, தெரிந்ததை எழுதுங்கள். தெரியாததற்கு "விசாரித்துக்கொண்டிருக்கிறோம்" என்று தேதியோடு எழுதுங்கள். கரிமக் கேள்வியில் நீங்கள் உடனே செய்யக்கூடியது, தூத்துக்குடியிலிருந்து கப்பலில் வர நேரம் விட்டு ஆர்டர் கொடுப்பது. தாமதமாகக் கொடுத்துவிட்டு விமானத்தில் ஏற்றினால் ஒரு சட்டையைக் கொண்டுவருவதற்கான வெளியேற்றம் பல மடங்கு ஏறிவிடும். பில்லும் ஏறும் என்பது உங்களுக்கே தெரியும்.

பிஸ்கட் பாக்கெட்டில் பனை மர முத்திரையும் அதன் கீழே "மிக்ஸ்ட்" என்ற சொல்லும் இருக்கின்றன. கலப்படமா?
(ஈசூன் வாசகி)

கலப்படம் இல்லை அம்மா. செம்பனை எண்ணெய்க்காக 2004இல் தொடங்கிய ஆர்எஸ்பிஓ அமைப்பின் முத்திரை அது.

ஊர்ப் பால் சங்கத்தை நினைத்துக்கொள்ளுங்கள். நூறு லிட்டர் வருகிறது. அதில் முப்பது லிட்டர், விதிகளை ஒழுங்காகக் கடைப்பிடிக்கும் வீட்டுப் பால். எல்லாவற்றையும் ஒரே தொட்டியில் ஊற்றுகிறார்கள். வெளியே போகும்போது முப்பது லிட்டருக்கு மட்டும் முத்திரை குத்தலாம். உங்கள் டம்ளரில் இருப்பது யார் வீட்டுப் பால் என்று யாராலும் சொல்ல முடியாது, ஆனால் கணக்கு சரி. "மிக்ஸ்ட்" என்பது இந்த ஏற்பாடுதான். தனித்தனியாகப் பிரித்துவைத்த எண்ணெயும் உண்டு, விலை கூடும். செம்பனைக் குலையை வெட்டிய ஒன்றிரண்டு நாளுக்குள் ஆலைக்குக் கொண்டுபோகாவிட்டால் எண்ணெயின் தரம் கெடும். பெரிய தோட்டத்துக் குலையும் சின்ன விவசாயியின் குலையும் பக்கத்திலிருக்கும் ஆலைக்கே போகின்றன. பிரிப்பது சொல்வதுபோல் சுலபமில்லை.

நான் "மிக்ஸ்ட்" வாங்குகிறேன். முத்திரையே இல்லாததற்கு இது மேல். தோட்டத்துக்காகக் காட்டை எரித்த புகை வந்து, 2013 ஜூன் 21 அன்று இங்கே புகைமூட்டக் குறியீடு 401ஐத் தொட்டது ஞாபகமிருக்கிறதா? கிடங்கு ஊழியர்களுக்கு என்95 முகக்கவசம் தேடி நான் நாலு மொத்த வியாபாரிகளிடம் கெஞ்சிய நாள்கள் அவை. மறு வருடமே நம் அரசு சட்டம் போட்டது. வெளிநாட்டில் காட்டை எரித்து இங்கே புகையை அனுப்பும் நிறுவனத்துக்கும் ஒரு நாளைக்கு 100,000 வெள்ளி வரை, மொத்தம் 20 லட்சம் வெள்ளி வரை அபராதம் விதிக்கலாம்.

அக்கா, 2023இல் இந்தியா அரிசி ஏற்றுமதியை நிறுத்தியபோது நாங்கள் ஓடி ஓடி வாங்கினோம். இப்போது என் மகள், நெல் வயலே பூமியைச் சூடாக்குகிறது என்கிறாள். சோறு சாப்பிடுவதும் தப்பா?
(உட்லண்ட்ஸ் வாசகர்)

ஓடியிருக்க வேண்டியதில்லை. இங்கே அரிசி இறக்குமதியாளர்கள் இரண்டு மாத இறக்குமதிக்குச் சமமான அரிசியைக் கையிருப்பில் வைத்திருக்க வேண்டும் என்பது விதி. பற்பல நாடுகளிலிருந்தும் அரிசி வருகிறது. நான் மட்டும் என்ன, அந்த வாரம் தேக்காவில் இரண்டு மூட்டைப் பொன்னி வாங்கினேன்.

மகள் சொல்வது சரி. வயலில் தண்ணீர் தேங்கியே நின்றால் மண்ணுக்குக் காற்று போகாது. அந்தச் சேற்றில் நுண்ணுயிரிகள் மீத்தேனை உண்டாக்கும். தண்ணீரை வடியவிட்டு, மண் கொஞ்சம் காய்ந்ததும் மறுபடி பாய்ச்சினால் மீத்தேன் நன்றாகக் குறைகிறது, தண்ணீரும் மிச்சம். இதைப் பெரிய கண்டுபிடிப்புபோல் நிறுவனங்கள் இப்போது விவசாயிகளுக்குச் சொல்லித் தருகின்றன. நம் பக்கத்தில் இதற்குக் "காய்ச்சலும் பாய்ச்சலும்" என்று பெயரே உண்டு.

தஞ்சாவூர்ப் பாபநாசம் பக்கத்தில் நெல் போடும் என் மாமாவிடம் போனில் இதைச் சொன்னேன். அங்கே குறுவை, சம்பா என்று இரண்டு நெல் போகம். "குறுவையில் செய்யலாம்மா, மோட்டார் என் கையில் இருக்கு. சம்பாவில் ஐப்பசி மழை கொட்டும்போது எதைக் காயவிடுறது? வாங்குறவங்க வந்து மழையை நிறுத்தட்டும்" என்றார். அரிசி வாங்கும் நிறுவனங்கள் அவரிடம் படிவம் கொடுத்தால் என்ன எழுதுவார் என்று கேட்டேன். "குறுவைக்கு ஒரு படிவம், சம்பாவுக்கு ஒரு படிவம் கொடுக்கச் சொல்லு" என்றார்.