கோட்டை நடைக்குக் கட்டிய பணம் திரும்பக் கிடைக்குமா?

கேள்வி: எங்களுக்குத் திருமணமாகி 25 ஆண்டுகள் ஆகின்றன. என் கணவர் பள்ளியில் வரலாற்று ஆசிரியர். அந்த நாளைக் கொண்டாட, சென்னை புனித ஜார்ஜ் கோட்டையில் ‘தம்பதியருக்கான பாரம்பரிய நடை’ என்று இணையத்தில் வந்த விளம்பரத்தைப் பார்த்து, ஒரு டிக்கெட் தளத்தின் வழியாக இருவருக்கும் 3,600 ரூபாய் கட்டினேன். ஆறு ஜோடிகள் மட்டும், இரண்டரை மணி நேரம், கிழக்கிந்தியக் கம்பெனியின் யேலும் கிளைவும் மணம் முடித்த புனித மேரி தேவாலயத்தின் உள்ளே, கோட்டை அருங்காட்சியகத்தில் 1947-இல் ஏற்றிய தேசியக் கொடி என்றெல்லாம் அதில் இருந்தது. கும்பகோணத்திலிருந்து ரயிலில் போனோம். அங்கே பதினேழு ஜோடிகள் நின்றிருந்தார்கள். அன்று வெள்ளிக்கிழமை, அருங்காட்சியகத்துக்கு வார விடுமுறை. தேவாலயத்தை வெளியே நிறுத்தியே காட்டினார்கள். வழிகாட்டி கைபேசியைப் பார்த்து வாசித்தார். ஒரு மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. பணத்தைத் திருப்பிக் கேட்டால், ‘நிகழ்ச்சி மாறுதலுக்கு உட்பட்டது, கட்டணம் திருப்பித் தரப்படாது’ என்ற நிபந்தனையைக் காட்டுகிறார்கள். போதாததற்கு, எங்கள் படத்தைக் கேட்காமலே அடுத்த நடைக்கு விளம்பரமாகப் போட்டிருக்கிறார்கள். “மூவாயிரத்துச் சொச்சத்துக்காக யாராவது கோர்ட்டுக்குப் போவார்களா, விடு” என்கிறார் கணவர். என்னால் விட முடியவில்லை. போலீசில் மோசடிப் புகார் கொடுக்கலாமா?
— வாசகி, கும்பகோணம்

பதில்: விட வேண்டாம். ஆனால் போலீசுக்கும் போக வேண்டாம். மோசடிக் குற்றம் நிற்க வேண்டுமானால், பணம் வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்று காட்டியாக வேண்டும். இப்போதைய குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 318-ஆம் பிரிவு அதைத்தான் கேட்கிறது. இவர்கள் நடையை நடத்தியிருக்கிறார்கள், மோசமாக நடத்தியிருக்கிறார்கள். “இது சிவில் விவகாரம்” என்று காவல் நிலையத்தில் சொல்லி அனுப்பிவிடுவார்கள். அந்த அலைச்சல் உங்களுக்கு எதற்கு? உங்களுக்கான இடம் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம்.

அங்கே உங்கள் வழக்கின் முதுகெலும்பு எது தெரியுமா? வெள்ளிக்கிழமை.

கோட்டைக்குள் தலைமைச் செயலகமும் சட்டமன்றமும் இயங்குகின்றன. வாசலில் பாதுகாப்புச் சோதனை உண்டு. திடீரென்று யாரையும் உள்ளே விட மாட்டோம் என்று காவலர்கள் நிறுத்தியிருந்தால், “எங்கள் கையில் இல்லாத காரணம்” என்று அமைப்பாளர் சொல்ல இடமுண்டு. பெருமழை பெய்திருந்தாலும் அப்படியே. ஆனால் இந்தியத் தொல்லியல் துறையின் கோட்டை அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை வார விடுமுறை என்பது திடீரென்று வந்ததல்ல. கோட்டையைச் சுற்றிக் காட்டுவதையே தொழிலாகக் கொண்டவர் அதை அறியாதவராக இருக்க முடியாது. வெள்ளிக்கிழமைக்கு டிக்கெட் விற்றுவிட்டு, அருங்காட்சியகத்தையும் அதே விளம்பரத்தில் சேர்த்தது அவர் பக்கத்துத் தவறு. ‘மாறுதலுக்கு உட்பட்டது’ என்ற வரி, பிறகு நேரும் மாறுதலுக்குத்தான் துணை நிற்கும். டிக்கெட் விற்ற நாளிலேயே நடக்க முடியாததாக இருந்த ஒன்றுக்கு அது எப்படிப் பொருந்தும்?

அடுத்தது, விளம்பரத்தில் எது வாக்குறுதி, எது வெறும் புகழ்ச்சி என்று பிரிப்பது. ‘மறக்க முடியாத மாலை’, ‘காலத்தின் ஊடே காதல் பயணம்’ போன்ற வரிகள் இருந்தால் அவற்றை மனுவில் தொடாதீர்கள். வியாபாரி தன் சரக்கைப் புகழ்வது அது. அளந்து பார்க்க முடியாது. ‘தேவாலயத்தின் உள்ளே’ என்பது அளக்கக்கூடியது. அந்தத் தேவாலயம் 1680 அக்டோபர் 28 அன்று அர்ப்பணிக்கப்பட்டது. நவம்பர் 4-ஆம் தேதியே எலிஹு யேலின் திருமணம் அங்கே நடந்தது. ராபர்ட் கிளைவ் அங்கே மணம் முடித்தது 1753 பிப்ரவரி 18-இல். ஆக விளம்பரத்தில் சொன்ன வரலாறு உண்மை. வெள்ளி விழா கொண்டாடும் தம்பதியரை அந்த நடைக்கு இழுத்ததே அந்த உண்மைதான். அப்படி இழுத்துவிட்டு வாசலோடு திருப்பி அனுப்பியதைத்தான் 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் சேவைக் குறைபாடு என்கிறது, பிரிவு 2(11). ஆறு ஜோடிக்குப் பதில் பதினேழு, இரண்டரை மணிக்குப் பதில் ஒன்று, இவையும் எண்ணிக் காட்டக்கூடியவை. வழிகாட்டி கைபேசியைப் பார்த்து வாசித்ததை ஒரே வரியில் சொல்லி நகர்ந்துவிடுங்கள். ‘பயிற்சி பெற்ற வழிகாட்டி’ என்று விளம்பரத்தில் எழுதியிருந்தால் மட்டும் அதற்கு எடை கூடும்.

‘கட்டணம் திருப்பித் தரப்படாது’ என்ற நிபந்தனையைப் பார்த்து நிறையப் பேர் அங்கேயே நின்றுவிடுகிறார்கள். அதை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது. நீங்கள் வராமல் போயிருந்தால் அந்த வரி அவர்களைக் காக்கலாம். நீங்கள் நேரத்துக்குப் போய் நின்றீர்கள். சொன்னதைத் தராதவர்கள் அவர்கள். குறையுள்ள சேவைக்கு வாங்கிய பணத்தை, ரசீதில் காலவரம்பு குறிப்பிடாதபோது 30 நாட்களுக்குள் திருப்பித் தர மறுப்பதே நேர்மையற்ற வணிக முறை என்று அதே சட்டத்தின் 2(47) பிரிவு சொல்கிறது. இங்கே ஓர் எச்சரிக்கை: ‘இந்த ஒப்பந்தமே நியாயமற்றது என்று அறிவிக்க வேண்டும்’ என்று தனியாகக் கோரிக்கை வைக்காதீர்கள். அதை விசாரிக்கும் அதிகாரம் மாநில ஆணையத்துக்குத்தான். ஆர்வத்தில் அதையும் சேர்த்தால் மாவட்ட ஆணையத்தில் மனு எண் பெற்று ஏற்கப்படுவதற்கே சிக்கல் வரும்.

இப்போது அந்தப் படத்துக்கு வருகிறேன். நீங்கள் கடிதத்தோடு அனுப்பியதைப் பெரிதாக்கிப் பார்த்தேன். நீங்களும் உங்கள் கணவரும் முன்னால் நிற்கிறீர்கள். உங்கள் தோளுக்குப் பின்னால் மூடிய கதவு. அதன் பக்கத்துப் பலகையில் ‘வெள்ளி விடுமுறை’ என்பது வாசிக்கும்படி இருக்கிறது. இடது ஓரத்தில் தலைகளை எண்ணினேன். உங்கள் இருவரையும் விட்டுவிட்டால் இருபதுக்கும் மேல். அவர்களுக்கு எதிரான சாட்சியை அவர்களே எடுத்து, அவர்களே வெளியிட்டிருக்கிறார்கள்.

அதனால் ‘படத்தை எடுங்கள்’ என்று இன்றைக்கே செய்தி அனுப்பிவிடாதீர்கள். முதலில் அந்தப் பக்கத்தை, முகவரியும் தேதியும் தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். உங்கள் நடைக்கான பழைய விளம்பரம், பணம் கட்டிய ரசீது, வாட்ஸ்அப் உரையாடல் எல்லாவற்றையும் அப்படியே சேமித்து, அச்செடுத்தும் வையுங்கள். மின்னணுப் பதிவுகளுக்கு பாரதிய சாட்சிய சட்டம் 63-ஆம் பிரிவின்படி ஒரு சான்றிதழ் இணைப்பது நல்லது. நுகர்வோர் ஆணையங்கள் சாட்சிய விதிகளைக் கறாராகப் பிடித்துக்கொள்வதில்லை என்றாலும், எதிர்த்தரப்பு வாயைத் திறக்க வாய்ப்பு எதற்கு? இவ்வளவும் முடிந்த பிறகு, படத்தை நீக்கச் சொல்லுங்கள்.

படம் பற்றிய உங்கள் உரிமை வலுவானது. ஒருவரின் பெயரையோ உருவத்தையோ அவர் சம்மதமின்றி விளம்பரத்துக்குப் பயன்படுத்துவது அந்தரங்க உரிமையை மீறுவது என்று உச்ச நீதிமன்றம் 1994-லேயே, ராஜகோபால் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் சொல்லிவிட்டது. நக்கீரன் இதழ் தொடர்பாக எழுந்த வழக்கு அது. முன்பதிவின்போது ‘படங்களைப் பயன்படுத்த ஒப்புக்கொள்கிறேன்’ என்று எதிலாவது டிக் செய்தீர்களா என்று மட்டும் சரிபாருங்கள். செய்திருந்தால் இந்தப் பகுதியை மென்மையாக எழுத வேண்டும்.

அடுத்து, ஒரு நோட்டீஸ். சட்டப்படி கட்டாயமில்லை, ஆனால் பாதிப் பிரச்சினை இதிலேயே தீர்ந்துவிடுகிறது. கோபத்தைக் காட்டாமல் இப்படி எழுதினால் போதும்: “வெள்ளிக்கிழமை அருங்காட்சியகம் மூடியிருக்கும் என்பது தெரிந்தோ, தெரிந்திருக்க வேண்டிய நிலையிலோ, அதைக் காட்டுவதாகச் சொல்லிக் கட்டணம் பெற்றுள்ளீர்கள். தேவாலயத்தின் உள்ளே அழைத்துச் செல்லவில்லை. 3,600 ரூபாயை 15 நாட்களுக்குள் திருப்பித் தரவும், எங்கள் படத்தை உடனே நீக்கவும் கோருகிறோம். தவறினால் நுகர்வோர் ஆணையத்தை அணுகுவோம்.” ஸ்பீடு போஸ்ட்டில் ஒப்புகையுடன் அனுப்புங்கள், மின்னஞ்சலிலும் அனுப்புங்கள். டிக்கெட் தளத்தின் குறைதீர் அலுவலருக்கும் ஒரு பிரதி போகட்டும். 2020-ஆம் ஆண்டின் மின்வணிக விதிகளின்படி அவர் 48 மணி நேரத்தில் பெற்றுக்கொண்டதைத் தெரிவித்து, ஒரு மாதத்துக்குள் தீர்வு சொல்ல வேண்டும். இடையில் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் பதிவு செய்வதற்குப் பைசா செலவில்லை.

பதில் வராவிட்டால் புகார் மனு. உங்கள் கணவரின் தயக்கத்துக்குப் பதில் இங்கேதான் இருக்கிறது. கட்டிய தொகை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் மனுக் கட்டணம் கிடையாது. வழக்கறிஞர் வைத்தே ஆக வேண்டும் என்பதும் இல்லை; நீங்களே வாதாடலாம். வழக்குக்காகச் சென்னைக்கு அலையவும் வேண்டாம். புகார்தாரர் வசிக்கும் மாவட்டத்திலேயே மனு கொடுக்கலாம் என்று பிரிவு 34 சொல்வதால், தஞ்சாவூர் ஆணையமே போதும். ‘சென்னை நீதிமன்றங்களுக்கு மட்டுமே அதிகாரம்’ என்று அவர்களுடைய நிபந்தனையில் இருந்தாலும் கலங்காதீர்கள். சட்டம் கொடுத்த உரிமையை அச்சடித்த வரியால் பறிக்க முடியாது என்பதே ஆணையங்கள் பொதுவாக எடுக்கும் நிலை. மனுவை இணையத்திலும் தாக்கல் செய்யலாம். சம்பவத்திலிருந்து இரண்டு ஆண்டுகள் அவகாசம் உண்டு. ஆனால் அவ்வளவு காலம் உட்கார்ந்திருக்காதீர்கள், இணையப் பக்கங்கள் நாளைக்கே மாறிவிடும்.

பணம் கட்டியது நீங்கள், கணவர் பயனாளி. சட்டத்தின் கண்ணில் அவரும் நுகர்வோரே. இருவர் பெயரிலும் மனு போடுங்கள். அன்று உங்களோடு நடந்த ஒரு ஜோடியாவது பிரமாணப் பத்திரம் தந்தால் பெரிய பலம்.

எவ்வளவு கேட்பது? ஐந்து லட்சம், பத்து லட்சம் என்று எழுதச் சொல்பவர்கள் இருப்பார்கள். கேட்காதீர்கள். அப்படிப்பட்ட தொகையைப் பார்த்ததும் ஆணையத்துக்கு உங்கள்மேல் உள்ள பரிவு குறைந்துவிடும். 3,600 ரூபாய் முழுவதையும் கேளுங்கள். ஒரு மணி நேரம் நடந்தீர்கள் என்பதால் ஒரு பகுதியைக் கழித்துத் தரலாம், அதற்கும் மனத்தைத் தயார் செய்துகொள்ளுங்கள். இந்த நடைக்காகவே பயணம் செய்தீர்கள் என்பதற்கு முன்பதிவுத் தேதிகள் ஆதாரம் என்பதால், ரயில் கட்டணத்தையும் சேருங்கள். மன உளைச்சலுக்கு 15,000, வழக்குச் செலவுக்கு 5,000. முதல் விசாரணையிலேயே சமரசத்துக்கு அனுப்பக்கூடும், தயங்காமல் போங்கள். நல்ல தொகை சொன்னால் முடித்துக்கொள்ளலாம். ஆனால் படத்தை நீக்குவது என்பது எழுத்தில் வந்த பிறகு கையெழுத்துப் போடுங்கள்.

மூன்று மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடைமுறையில் அதைவிடக் கூடுதலாக ஆகும்; முன்கூட்டியே தெரிந்துகொள்வது நல்லது.

உங்கள் கணவர் பார்க்க நினைத்த கொடி இன்னும் அங்கேதான் இருக்கிறது. அதற்காக வழக்கு முடியும்வரை காத்திருக்க வேண்டாம். வெள்ளி தவிர மற்றொரு நாளில், அடையாள அட்டையோடு போய்வாருங்கள். அந்தப் பயணச் சீட்டையும் நுழைவுச் சீட்டையும் பத்திரப்படுத்துங்கள். முதல் முறையே காட்டியிருந்தால் அந்தச் செலவு உங்களுக்கு வந்திருக்காது. மனுவில் அதையும் ஒரு இனமாகச் சேர்த்துக் கேட்டுப் பார்க்கலாம்.