ஒரு மாத ஹோட்டல் வாசம்: மொத்தப் பணத்தையும் முன்கூட்டியே கட்டலாமா?

கேள்வி: குழாய் வெடித்து வீடெல்லாம் தண்ணீர். சரிசெய்ய ஒரு மாதம் ஆகுமாம். நாங்கள் இருவர், ஏழு வயது மகள், எட்டு மாதக் கைக்குழந்தை. ஒரே ஹோட்டல் அறையில் சமாளிக்க முடியுமா? மாத வாடகையை மொத்தமாகக் கட்டினால் தள்ளுபடி உண்டு என்கிறார் ஓர் ஏஜென்ட்.

பதில்: சமாளிக்கலாம். ஆனால் ஏஜென்ட்டிடம் மொத்தமாகக் கட்டாதீர்கள். வேலை சீக்கிரம் முடிந்தாலோ, அறை ஒத்துவராமல் போனாலோ, பணத்தைத் திருப்பிக் கேட்கும்போது ஹோட்டல் ஏஜென்ட்டைக் காட்டும், அவர் ஹோட்டலைக் காட்டுவார். நடுவில் நிற்பது நீங்கள்தான். ஹோட்டலிடமே நேரடியாகப் பேசி, வாரம் வாரமாகக் கட்டுங்கள்.

இன்னொரு தந்திரமும் உண்டு. வாடகையைக் குறைத்துக் காட்ட, ஏஜென்ட்டுகள் "பெரியவர்கள் இருவர்" என்று மட்டும் பதிவு செய்துவிடுவார்கள். நான்கு பேராகப் போய் நின்றால் ஹோட்டலில் கூடுதல் கட்டணம் கேட்பார்கள், இல்லை அறையே கிடையாது என்பார்கள். கைக்குழந்தை உட்பட நால்வர் என்பது முன்பதிவு உறுதிச்சீட்டில் இருக்க வேண்டும். தொட்டில் கட்டிலும் அப்படியே. முன்பதிவில் அதை வெறும் "வேண்டுகோள்" என்று பதிந்துகொள்வார்கள். அதற்கு யாரும் பொறுப்பேற்பதில்லை. குழந்தை படுக்கிற இடத்தை அதிர்ஷ்டத்துக்கு விடும் இந்த முறையை ஏன் இன்னும் மாற்றவில்லையோ! "உண்டு" என்று எழுத்தில் வாங்குங்கள்.

மொத்தமாகக் கட்டுவதில் ஒரே ஒரு விலக்கு. பணத்தை வாங்குவது ஹோட்டலாகவே இருக்க வேண்டும், ரசீதும் அதன் பெயரில் வேண்டும். தங்காத இரவுகளுக்குப் பணம் திரும்ப வரும் என்று எழுதித் தர வேண்டும். எத்தனை நாள் முன்னால் சொல்ல வேண்டும், எத்தனை நாளில் பணம் வரும் என்பதும் அதிலேயே இருக்கட்டும். "வேறு தேதிக்கு மாற்றித் தருகிறோம்" என்பது பணம் திரும்புவது ஆகாது. இதில் ஒன்று குறைந்தாலும் வாரக் கணக்கே போதும். வீட்டுக் காப்பீடு இருந்தால், தங்கும் செலவைத் தருவார்களா என்று முதலில் கேளுங்கள்.

அப்புறம் அறைக்குள். தொட்டில் மெத்தை தட்டையாக, அழுத்தமாக, ஓரங்களில் இடைவெளி இல்லாமல் இருக்கட்டும். தலையணை வேண்டாம், மல்லாக்கப் படுக்க வையுங்கள். மென்மையான ஹோட்டல் மெத்தையிலோ சோபாவிலோ தூங்க வைக்காதீர்கள். திரைச்சீலைக் கயிறும் சுடுநீர்க் கெட்டிலும் குழந்தைக்கு எட்டக் கூடாது. கைக்குழந்தை சீக்கிரம் தூங்கிவிட்டால் மகள் இருட்டில் உட்கார வேண்டியிருக்கும். அதனால் தடுப்போ தனிப் பகுதியோ உள்ள அறையைக் கேளுங்கள், சற்றுக் கூடுதலாகக் கொடுத்தாலும் பரவாயில்லை.